பொதுத் திரைக்கான வழக்கு: ஆனந்த் பட்வர்தனும் சுயாதீன ஆவணப்படமும்

இந்தியாவில் ஆவணப்படம் என்றாலே அரசாங்கம் எடுப்பது என்ற எண்ணம் நெடுங்காலம் நிலவியது. 1948இல் நடுவண் அரசு தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன் என்னும் திரைப்படப் பிரிவு தயாரித்த செய்திப்படங்களையும் குறும் ஆவணப்படங்களையும் ஒவ்வொரு திரையரங்கும் முதன்மைப் படத்துக்கு முன்னால் ஓட்டியாக வேண்டும் என்ற விதி இருந்தது. அணைக்கட்டுகளும் உருக்காலைகளும் வெள்ள நிவாரணமும் கம்பீரமான ஒரே குரலின் வர்ணனையோடு திரையில் வந்துபோக, பார்வையாளர்களில் பாதிப் பேர் முறுக்கு வாங்க வெளியே நின்றார்கள். அந்த நிறுவனத்துக்குள்ளிருந்தே எஸ். சுக்தேவ், எஸ்.என்.எஸ். சாஸ்திரி போன்றோர் 1960களில் கேள்வி கேட்கும் தொனியில் சில படங்களை எடுத்தது உண்மைதான் எனினும், படச்சுருள், கேமரா, ஆய்வகம், திரையரங்கு ஆகிய நான்கும் அரசின் கையிலோ பெருவணிகத்தின் கையிலோ இருந்தவரை, இவ்விரண்டுக்கும் வெளியே நின்று ஆவணப்படம் எடுப்பது ஏறக்குறைய இயலாத செயலாகவே கருதப்பட்டது. இந்நிலையை 1970களின் நடுவில் உடைத்தவர்களுள் முதன்மையானவர் ஆனந்த் பட்வர்தன். 1974 முதல் 2023 வரை நீளும் அவருடைய படைப்பு வாழ்க்கை, சுயாதீனத் திரைப்படம் என்பதற்கு இந்நாட்டில் என்ன பொருள் இருக்க முடியும் என்ற கேள்வியை முழுமையாக ஆராய்வதற்கு வாய்ப்பளிக்கிறது.

சுயாதீனம் என்ற சொல்லைப் பெரும்பாலோர் பணத்தோடு மட்டுமே பொருத்திப் பார்க்கின்றனர். பெரிய தயாரிப்பு நிறுவனத்தின் முதலீடு இல்லாமல் எடுக்கப்பட்டால் அது சுயாதீனப் படம் என்பது வழக்கமான வரையறை. பட்வர்தன் விஷயத்தில் இந்த வரையறை போதாது. முதலீட்டாளரிடமிருந்து விலகி நின்றதைப் போலவே கட்சியிடமிருந்தும் அவர் விலகி நின்றார். ஆனால் அரசிடமிருந்து மட்டும் அவ்வாறு விலகவில்லை. தம் படங்களுக்கு அரசின் தணிக்கைச் சான்றிதழைக் கேட்டார், அரசின் விருதுகளுக்குப் படத்தை அனுப்பினார், அரசுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பும்படி வழக்குத் தொடர்ந்தார். அரசைக் கடுமையாகச் சாடும் ஒரு கலைஞர், அரசின் திரையையே மீண்டும் மீண்டும் கேட்டு நின்றது முரணாகத் தோன்றலாம். இந்த முரணில்தான் அவருடைய ஐம்பது ஆண்டுப் பணியின் உட்பொருள் இருக்கிறது என்பது இக்கட்டுரையின் கருத்து.

1950இல் மும்பையில் பிறந்த பட்வர்தனின் குடும்பம் விடுதலைப் போராட்டத்தோடு நெருங்கிய தொடர்புடையது. பெரியப்பாக்களான ராவ் பட்வர்தனும் அச்சுத் பட்வர்தனும் சிறை சென்றவர்கள், பின்னவர் 1942 ஆகஸ்ட் போராட்டத்தின் தலைமறைவுத் தலைவர்களுள் ஒருவர். தாயார் நிர்மலா சாந்திநிகேதனில் பயின்ற மட்பாண்டக் கலைஞர். பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் படித்துவிட்டு, அமெரிக்காவின் பிரான்டைஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படிக்கச் சென்ற காலம் வியட்நாம் போருக்கு எதிரான மாணவர் கிளர்ச்சி உச்சத்தில் இருந்த காலம். சீசர் சாவேஸ் தலைமையிலான பண்ணைத் தொழிலாளர் சங்கத்தில் தொண்டராகச் சிறிது காலம் வேலை செய்தபின் நாடு திரும்பி, மத்தியப் பிரதேசத்தில் கிஷோர் பாரதி என்ற ஊரகக் கல்வி, வளர்ச்சித் திட்டத்தில் சேர்ந்தார். அவரைத் திரைப்படப் பள்ளி எதுவும் உருவாக்கவில்லை என்பதை இங்கே குறித்துக்கொள்வது நல்லது. இயக்க வேலையின் ஒரு கருவியாகவே கேமரா அவர் கைக்கு வந்தது.

1974இல் பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயணன் தலைமையில் ஊழலுக்கும் விலைவாசி உயர்வுக்கும் எதிராக எழுந்த இயக்கத்தைப் படம் பிடித்ததே அவருடைய முதல் குறிப்பிடத்தக்க படமான ‘கிராந்தி கி தரங்கேன்’. வீட்டுப் பயன்பாட்டுக்கென உருவான, எட்டு மில்லிமீட்டர் அகலமே உடைய சூப்பர் 8 படச்சுருளில் எடுத்த காட்சிகளைத் திரையில் ஓட்டி, ஓடும் அந்தக் காட்சியையே மறுபடியும் 16 மி.மீ. கேமராவில் பதிவு செய்து உருவாக்கிய படம் அது. படத்தின் புள்ளிகள் பெருத்த மங்கலான தோற்றத்துக்கு இந்த வழிமுறையும் ஒரு காரணம். படம் முடிந்த 1975இலேயே நாட்டில் நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டுவிட, பிரதிகள் தலைமறைவாயின. ஒரு பிரதி துண்டு துண்டாக வெட்டப்பட்டுப் பலர் கைவழியாக வெளிநாட்டுக்குக் கடத்தப்பட்டு அங்கே ஒட்டப்பட்டது. கனடாவின் மக்கில் பல்கலைக்கழகத்தில் பின்னர் அவர் எழுதிய முதுகலை ஆய்வேடு, இந்தப் படத்தையே எடுத்துக்காட்டாகக் கொண்டு, தலைமறைவிலும் நாடுகடந்தும் இயங்கும் கெரில்லாத் திரைப்படத்தை ஆராய்ந்தது.

அக்காலத்தில் இலத்தீன் அமெரிக்காவில் ‘மூன்றாம் சினிமா’ என்ற கருத்து பரவியிருந்தது. அர்ஜென்டினாவின் சோலானஸும் ஹெட்டினோவும் 1969இல் முன்வைத்த இக்கருத்தின்படி, ஹாலிவுட்டின் வணிகப்படம் முதலாம் சினிமா, தனிமனித இயக்குநரின் கலைப்படம் இரண்டாம் சினிமா, மக்கள் போராட்டத்தின் உறுப்பாக இயங்கும் படம் மூன்றாம் சினிமா. கியூபாவின் கார்சியா எஸ்பினோசா இதே ஆண்டு எழுதிய கட்டுரையில், தொழில்நுட்ப நேர்த்தியைத் தேடாத ‘குறையுள்ள சினிமா’வை ஆதரித்து வாதிட்டார். பட்வர்தன் இவ்விரு கருத்துகளிலிருந்தும் கற்றுக்கொண்டார் எனினும் அவற்றை அப்படியே பின்பற்றவில்லை. இலத்தீன் அமெரிக்கக் கலைஞர்கள் இராணுவ ஆட்சிகளின்கீழ் இயங்கியதால், தலைமறைவுத் திரையிடல் அவர்களுக்குக் கொள்கையாகவே அமைந்தது. நெருக்கடி நிலை நீங்கிய 1977க்குப் பிந்திய இந்தியாவில் அரசமைப்பும் நீதிமன்றமும் குறைபாடுகளோடேனும் உயிரோடு இருந்ததால், மறைந்து காட்டுவதைவிட உரிமையோடு காட்டுவதே அரசியல் என்ற முடிவுக்கு அவர் வந்ததாக அவருடைய பிந்தைய செயல்கள் காட்டுகின்றன.

நெருக்கடி நிலையின்போதும் அதற்கு முன்னும் பின்னும் சிறைப்பட்ட அரசியல் கைதிகளைப் பற்றிய ‘ஜமீர் கே பந்தி’ (1978), கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் பெரும்பாலும் பஞ்சாபியரான பண்ணைத் தொழிலாளர் சங்கம் அமைத்ததைப் பற்றி ஜிம் மன்றோவுடன் சேர்ந்து எடுத்த ‘எ டைம் டு ரைஸ்’ (1981) ஆகிய இரண்டும் இயக்கத்தின் உள்ளிருந்து எடுக்கப்பட்ட நேர்மையான படங்கள். ஆயினும் அவருடைய தனித்த மொழி 1985இல் வெளிவந்த ‘ஹமாரா ஷஹர்’ படத்தில்தான் உருப்பெற்றது. பம்பாயின் நடைபாதைவாசிகளும் சேரிவாசிகளும் குடிசை இடிப்புக்கு உள்ளாக, அவ்விடிப்புகளை எதிர்த்து ஓல்கா டெல்லிஸ் என்ற பத்திரிகையாளர் தொடுத்த வழக்கில் வாழ்வாதார உரிமை உயிர்வாழும் உரிமையின் ஒரு பகுதி என்று உச்ச நீதிமன்றம் அதே 1985இல் தீர்ப்பளித்திருந்தது; தீர்ப்பு கொள்கையளவில் பெரியதாயினும் குடிசைகள் தொடர்ந்து இடிபட்டன. நகரைக் கட்டிய கூலிகளே நகருக்குப் பாரம் என்று தோட்ட விருந்துகளிலும் மாநகராட்சி அலுவலகங்களிலும் பேசுவோரின் சொற்களுக்கு அடுத்த காட்சியிலேயே இடிபாடுகளிடையே அரிசி பொறுக்கும் கைகளை வைக்கும் எதிரெதிர் இணைப்பு, பின்னாளில் அவருடைய கையெழுத்தாகவே ஆகிவிட்டது. வர்ணனைக் குரல் அருகிவிட்டது. அதன் இடத்தைக் கேமராவுக்குப் பின்னாலிருந்து எளிய கேள்விகள் கேட்கும் இயக்குநரின் குரலும், விலாஸ் கோக்ரே என்ற தலித் பாடகரின் பாட்டும் எடுத்துக்கொண்டன.

இப்படத்தில், இடிக்கப்பட்ட குடிசையின் அருகே நிற்கும் ஒரு பெண் படக்குழுவின்மீதே சீறுகிறார். ஏழைகளைப் படம் பிடித்துப் பெயர் வாங்கவா வந்தீர்கள், இதனால் எங்களுக்கு ஆகப்போவது என்ன என்ற பொருளில் அவர் கேட்கும் கேள்விக்குப் படத்தில் பதில் இல்லை. வெட்டி எறிந்திருக்கக்கூடிய அக்காட்சியைப் பட்வர்தன் படத்திலேயே விட்டுவைத்தார். சமூக அக்கறையுள்ள திரைப்படம் குறித்து எழுதப்பட்ட பல கட்டுரைகளைவிட அந்தச் சில நொடிகள் கூர்மையானவை. காட்டுபவருக்கும் காட்டப்படுபவருக்கும் இடையிலான வர்க்க, சாதி இடைவெளியைப் படமே ஒப்புக்கொள்கிறது. ஒப்புக்கொண்டதால் இடைவெளி மறைந்துவிடவில்லை என்பதும் உண்மை. தேசிய விருது பெற்ற பின்னரும் குடிசை இடிப்பை எதிர்த்துப் பட்வர்தன் உண்ணாவிரதம் இருந்ததை, அப்பெண்ணின் கேள்விக்குத் திரைக்கு வெளியே தேடப்பட்ட பகுதி விடை என்று கொள்ளலாம்.

இதே படம் இன்னொரு சுயாதீன முயற்சிக்கும் பயன்பட்டது. மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாம், தமிழில் ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977) எடுத்தவர் என்ற முறையில் தமிழ் வாசகருக்கு அறிமுகமானவர், 1984இல் நண்பர்களுடன் ஒடேசா என்ற கூட்டமைப்பை நிறுவி, ஊர் ஊராகச் சென்று மக்களிடம் சிறு தொகைகளாகத் திரட்டிய பணத்தில் ‘அம்ம அறியான்’ (1986) படத்தை உருவாக்கினார். அந்நிதி திரட்டலுக்காகக் கேரளத்தில் திரையிடப்பட்ட படங்களுள் ‘ஹமாரா ஷஹ’ரும் ஒன்று. ஜான் தேர்ந்த வழி பார்வையாளரையே தயாரிப்பாளர் ஆக்குவது. 1987இல் அவர் மறைந்தபின் அவ்வழியில் தொடர்ந்து படங்கள் வருவது கடினமாயிற்று. பட்வர்தன் தேர்ந்த வழி கவர்ச்சி குறைந்தது, ஆனால் நின்று நிலைத்தது: ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் மூன்றையும் பெரும்பாலும் தாமே செய்து செலவைக் குறைப்பது, ஒரு படத்தின் பிரதிகளைப் பல்கலைக்கழகங்களுக்கும் அயல்நாட்டுத் தொலைக்காட்சிகளுக்கும் விற்று வரும் வருவாயில் அடுத்த படத்தைத் தொடங்குவது, உரிமையை யாருக்கும் விட்டுக்கொடுக்காமல் தம்மிடமே வைத்துக்கொள்வது. ஒரு சிறு விவசாயி விதைநெல்லைக் காப்பதைப் போன்ற பொருளாதாரம் இது. இதன் விலை காலம். இதன் பயனும் காலமே. தயாரிப்பாளர் நாள் குறிக்காததால் ஒரு படத்துக்குப் பதினான்கு ஆண்டுகள்வரை எடுத்துக்கொள்ள அவரால் முடிந்தது.

1980களின் இறுதியிலிருந்து மத அடிப்படைவாதம் அவருடைய மையப் பொருளாயிற்று. காலிஸ்தான் வன்முறைக்கும் அரசின் அடக்குமுறைக்கும் இடையே சிக்கிய பஞ்சாபில் பகத் சிங்கின் நினைவை யார் எவ்வாறு உரிமை கோருகிறார்கள் என்று பார்த்த ‘உனா மித்ரான் தி யாத் பியாரி’ (1990), அயோத்தி பற்றிய ‘ராம் கே நாம்’ (1992), வகுப்புவாத வன்முறையின் வேரை ஆண்மை பற்றிய கற்பிதத்தில் தேடிய ‘பித்ர, புத்ர அவுர் தர்மயுத்த’ (1995) ஆகிய மூன்றும் ஒன்றிலிருந்து மற்றொன்று கிளைத்தவை. இவற்றுள் ‘ராம் கே நாம்’ படத்தின் இடம் தனியானது. 1990 அக்டோபரில் எல்.கே. அத்வானியின் ரத யாத்திரையையும், அதே மாத இறுதியில் அயோத்தியில் இராமர் கோயில் கட்டத் திரண்ட கரசேவகர்கள் பாபர் மசூதிக்குள் நுழைய முயன்றதையும் நேரில் பதிவு செய்த இப்படம், பாபர் மசூதி இடிக்கப்பட்ட 1992 டிசம்பர் 6ஆம் நாளுக்கு முன்பே முடிந்துவிட்டது. இராமர் எந்த ஆண்டில், எந்த நூற்றாண்டில் பிறந்தார் என்று இயக்குநர் இளைஞர்களிடம் கேட்க, பிறந்த இடத்தை அங்குலம் பிசகாமல் அறிந்தவர்கள் பிறந்த காலத்தைச் சொல்ல முடியாமல் தடுமாறும் காட்சி பலராலும் பேசப்பட்டது. அதைவிட ஆழமானது, நீதிமன்றத்தால் நியமிக்கப்பட்ட தலைமைப் பூசாரி லால்தாஸின் நேர்காணல். இது வாக்குக்கும் பணத்துக்குமான விளையாட்டு என்றும், கோயிலின் பெயரால் ஊரின் இணக்கம் கெடுக்கப்படுகிறது என்றும் துறவியின் நிதானத்தோடு அவர் விளக்குகிறார். 1993 நவம்பரில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார்.

படம் தேசிய விருதையும் தணிக்கைச் சான்றிதழையும் பெற்றிருந்தும் அரசுத் தொலைக்காட்சியான தூர்தர்ஷன் அதை ஒளிபரப்ப மறுத்தது. தனியார் செயற்கைக்கோள் அலைவரிசைகள் பரவாத அக்காலத்தில் நாடு முழுவதையும் சென்றடையும் ஒரே திரை அதுவே. இராமாயணத் தொடரை ஞாயிறுதோறும் ஒளிபரப்பிய அதே திரை என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பம்பாய் உயர் நீதிமன்றத்தின் ஆணைக்குப் பிறகு 1990களின் பிற்பகுதியில் படம் ஒளிபரப்பானபோது, படம் எச்சரித்த மசூதியும் இல்லை, படத்தில் பேசிய பூசாரியும் இல்லை. நீதிமன்ற வெற்றிகளின் கணக்கை எழுதுவோர் இந்தத் தாமதத்தையும் அக்கணக்கில் எழுதவேண்டும்.

பட்வர்தனின் சட்டப் போராட்டத்தைப் புரிந்துகொள்ள இந்தியத் தணிக்கை முறையைச் சற்று விளக்குவது தேவை. 1952ஆம் ஆண்டின் திரைப்படச் சட்டத்தின்படி, பொதுமக்களுக்குக் காட்டப்படும் எந்தப் படமும், அது ஆவணப்படமே ஆயினும், தணிக்கை வாரியத்தின் சான்றிதழைப் பெற வேண்டும். இம்முன்தணிக்கை அரசமைப்புக்கு உட்பட்டதே என்று 1970இல் உச்ச நீதிமன்றம் கூறிய வழக்கும் ஓர் ஆவணப்படத்தைப் பற்றியதே, கே.ஏ. அப்பாஸ் எடுத்த ‘நான்கு நகரங்களின் கதை’ அது. பின்னாளில் நீதிமன்றத்தின் நோக்கு சற்றே விரிந்தது. தமிழ்ப் படமான ‘ஒரே ஒரு கிராமத்திலே’ தொடர்பான வழக்கில் 1989இல் வந்த தீர்ப்பு, சிலர் கலவரம் செய்வார்கள் என்ற அச்சத்தைக் காட்டி அரசு ஒரு படத்தை முடக்க இயலாது, பாதுகாப்புத் தருவதே அரசின் கடமை என்று தெளிவுபடுத்தியது. போபால் நச்சுவாயுப் பேரழிவைப் பற்றித் தபன் போஸ் எடுத்த விருதுபெற்ற படத்தை ஒளிபரப்ப மறுத்த தூர்தர்ஷனுக்கு எதிராக 1992இல் வந்த தீர்ப்பு, அரசு ஊடகம் தன் விருப்பப்படி கதவடைக்க முடியாது என்றது.

இந்த முன்தீர்ப்புகளின் மேல்தான் பட்வர்தனின் வழக்குகள் நின்றன. அவருடைய வாதத்தின் வலிமை அதன் எளிமையில் இருந்தது. அரசின் ஒரு கை சான்றிதழ் தருகிறது, இன்னொரு கை விருது தருகிறது, மூன்றாவது கை திரையை மறுக்கிறது. விருதுபெற்ற படங்களை ஒளிபரப்பும் வழக்கமுடைய ஓர் அரசு நிறுவனம் ஒரு படத்தை மட்டும் ஒதுக்குவது சமத்துவ உரிமைக்கும் கருத்துரிமைக்கும் எதிரானது. ‘பித்ர, புத்ர அவுர் தர்மயுத்த’ படத்தின் முதற்பகுதிக்கு ‘யு’ சான்றிதழும் இரண்டாம் பகுதிக்கு ‘ஏ’ சான்றிதழும் கிடைத்திருந்ததைக் காட்டித் தூர்தர்ஷன் மறுத்த வழக்கில், படத்தைத் துண்டு துண்டாக எடைபோடாமல் முழுமையாகப் பார்க்க வேண்டும் என்றும், இயல்பான மனத்திட்பம் உடைய பார்வையாளரையே அளவுகோலாகக் கொள்ள வேண்டும் என்றும் கூறி, ஒளிபரப்புமாறு உச்ச நீதிமன்றம் 2006இல் ஆணையிட்டது. படம் முடிந்து பதினோரு ஆண்டுகள் ஆகியிருந்தன.

1998இல் பொக்ரானில் நடந்த அணுகுண்டுச் சோதனைக்கு எதிர்வினையாக எடுக்கப்பட்ட ‘ஜங் அவுர் அமன்’ (2002) இந்தியா, பாகிஸ்தான், ஜப்பான், அமெரிக்கா என நான்கு நாடுகளில் பயணம் செய்து, காந்தி கொலையில் தொடங்கி அணு ஆயுத தேசியவாதம்வரை ஒரே இழையாகப் பார்த்தது. பொக்ரானுக்கு அருகிலுள்ள கேத்தோலாய் கிராமத்தாரும் ஜாதுகோடா யுரேனியச் சுரங்கத்தின் அண்டையில் வாழும் ஆதிவாசிகளும் அதில் பேசினர். தணிக்கை வாரியத்தின் மறுஆய்வுக் குழு 21 வெட்டுகளைக் கோரியது. பம்பாய் உயர் நீதிமன்றம் 2003இல் ஒரு வெட்டும் இன்றிப் படத்தை அனுமதித்தது. 2004ஆம் ஆண்டு மும்பைப் பன்னாட்டு ஆவணப்பட விழாவுக்கு இந்தியப் படங்கள் மட்டும் தணிக்கைச் சான்றிதழோடு வரவேண்டும் என்று அரசு விதித்தபோது நாடெங்குமுள்ள ஆவணப்படக் கலைஞர்கள் ஒன்றுகூடி எதிர்த்தனர். விதி திரும்பப் பெறப்பட்டாலும் பல படங்கள் விழாவில் நிராகரிக்கப்பட, ‘விகல்ப்’, அதாவது மாற்று, என்ற பெயரில் போட்டி விழா ஒன்று நடத்தப்பட்டது. பட்வர்தன் அதில் முன்னின்றார் எனினும் அது ஒருவரின் வெற்றி அன்று. தனியராக வழக்காடிக்கொண்டிருந்த பலர் ஒரு சமூகமாகத் திரண்டதே அதன் சிறப்பு. மறுப்பு இந்திய அரசிடமிருந்து மட்டுமே வந்தது என்றும் எண்ண வேண்டியதில்லை: நியூயார்க்கின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் 2002இல் எதிர்ப்புக்கு அஞ்சி அவருடைய படங்களின் திரையிடலைத் தன் வளாகத்திலிருந்து விலக்கிக்கொண்டது.

நர்மதை அணைக்கு எதிரான போராட்டத்தைச் சிமந்தினி துருவுடன் சேர்ந்து பதிவு செய்த நாட்குறிப்பும் (1995), மீனவர் வாழ்வையும் பெருவணிக மீன்பிடிப்பையும் பற்றிய படமும் (1998) அவ்வவ்வியக்கங்களுக்குப் பெரிதும் பயன்பட்டவை. கலையளவில் அவற்றில் புதிய திருப்பம் ஏதுமில்லை. திருப்பம் 1997 ஜூலை 11ஆம் நாள் நிகழ்ந்த ஒரு படுகொலையில் தொடங்கியது. மும்பை காட்கோபரில் உள்ள ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போடப்பட்டதை எதிர்த்துக் கூடிய தலித் மக்கள்மீது காவலர்கள் சுட்டதில் பத்துப் பேர் இறந்தனர். ‘ஹமாரா ஷஹ’ரில் பாடிய விலாஸ் கோக்ரே, தாம் வாழ்நாளெல்லாம் பாடிய இடதுசாரி இயக்கத்திலிருந்து முன்பே விலக்கப்பட்டிருந்தவர், நான்கு நாட்களுக்குப் பின் தம் குடிசையில் தூக்கிட்டுக்கொண்டார். அந்த மரணத்திலிருந்து புறப்பட்டு, மூன்று மணி நேரத்துக்கும் மேல் நீளும் ‘ஜெய் பீம் காம்ரேட்’ படத்தை முடிக்கப் பட்வர்தனுக்கு 2011வரை ஆயிற்று.

இத்தலைப்பில் அம்பேத்கரியரின் வணக்கச் சொல்லும் இடதுசாரிகளின் விளிச்சொல்லும் அருகருகே நிற்கின்றன; அவை ஏன் ஒன்றாகச் சேரவில்லை என்பதே படத்தின் விசாரணை. சாதியை வர்க்கத்துக்குள் அடக்கிப் பார்த்த இடதுசாரிகள், சிலைகளையும் பதவிகளையும் தந்து தலித் தலைமையை விழுங்கிய கட்சிகள், வழக்கு இழுபட இழுபடச் சோர்வடையும் சாட்சிகள், இவற்றுக்கிடையிலும் அணையாத பாட்டு. மராத்தியில் மக்கள் பாடகரை ஷாஹிர் என்பர். நம் பக்கத்தில் தெருக்கூத்துக் கலைஞரும் வில்லுப்பாட்டுப் புலவரும் செய்த வேலையை, அதாவது செய்தியையும் கேலியையும் வரலாற்றையும் பாட்டாக்கித் தெருவில் நின்று சொல்வதை, அம்பேத்கரிய ஷாஹிர்கள் அரசியலாகவே வளர்த்தெடுத்தனர். பட்வர்தனின் முந்தைய படங்களில் பாட்டு காட்சிகளை இணைக்கும் கயிறாக இருந்தது. இங்கே பாட்டே வாதம், பாட்டே சான்று, பாட்டே அடுத்த தலைமுறைக்குக் கைமாறும் சொத்து. கோக்ரேயில் தொடங்கும் படம் கபீர் கலா மஞ்ச் என்ற பாடகர் குழுவின் ஷீதல் சாதேயை வந்தடையும்போது, மாவோயிஸ்ட் என்ற குற்றச்சாட்டால் அக்குழுவினர் தலைமறைவாகியிருந்தனர். படத்துக்குக் கிடைத்த தேசிய விருதுப் பணத்தை அவர்களுடைய சட்டப் பாதுகாப்புக்குப் பட்வர்தன் அளித்தார். ‘ஜெய் பீம்’ என்ற முழக்கம் 2021இல் ஒரு தமிழ்ப் படத்தின் தலைப்பாக வீடுதோறும் சென்றடைவதற்குப் பத்தாண்டுகளுக்கு முன்பு, அம்முழக்கத்தின் உள்முரண்களை இவ்வளவு பொறுமையாகப் பதிவு செய்த படம் வேறொன்றில்லை.

அவருடைய படங்கள்மீதான விமர்சனங்களுள் புறந்தள்ள முடியாதவை இரண்டு. முதலாவது வடிவம் பற்றியது. மணி கவுல், அமர் கன்வர் போன்றோர் ஆவணப்படத்தைக் கவிதைக்கு அருகே கொண்டுசென்றபோது, பட்வர்தன் நேர்காணல், பேரணி, பாட்டு, எதிரெதிர் இணைப்பு என்ற பழைய கருவிகளிலேயே நின்றார் என்பர். இதில் உண்மை உண்டு. ஆனால் அவருடைய பார்வையாளர் திரைப்பட விழாவினர் மட்டுமல்லர், சேரித் திடலில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டும்போது தரையில் அமர்ந்து பார்ப்பவரும்தான் என்பதை நினைத்தால், தெளிவு அவருக்குத் திறனின்மையால் வந்தது அன்று, தேர்ந்துகொண்டது என்பது புலப்படும். இரண்டாவது, எதிர்த்தரப்பில் வாய்தவறிப் பேசுவோரைத் தேர்ந்து காட்டி நகைப்புக்கு இடமாக்குகிறார் என்பது. இக்குறை ‘ராம் கே நாம்’ போன்ற படங்களில் ஆங்காங்கே தென்படவே செய்கிறது. தம் பக்கத்தின் தோல்விகளை நோக்கிக் கேமராவைத் திருப்பிய ‘ஜெய் பீம் காம்ரேட்’ இக்குறையைப் பெருமளவு கடந்த படம் என்பதனாலேயே அது அவருடைய ஆகச் சிறந்த படைப்பாகிறது.

2015 அக்டோபரில், பகுத்தறிவாளர்களின் கொலைகளையும் புனே திரைப்படக் கல்லூரி மாணவர் போராட்டத்தை அரசு அணுகிய முறையையும் கண்டித்துத் தேசிய விருதைத் திருப்பியளித்த திரைக்கலைஞர்களுள் அவரும் ஒருவர். நரேந்திர தாபோல்கர், கோவிந்த் பன்சாரே, எம்.எம். கல்புர்கி, கௌரி லங்கேஷ் ஆகியோரின் படுகொலைகளை ஆராய்ந்த ‘விவேக்’ (2018), சுமார் நான்கு மணி நேரம் ஓடும் படம், ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் முழுநீளப் படத்துக்கான முதல் பரிசைப் பெற்றது. 2019இல் கேரளத்தின் ஆவணப்பட விழாவில் அதைத் திரையிட நடுவண் அமைச்சகம் விலக்கு மறுத்தபோது கேரள உயர் நீதிமன்றம் அனுமதித்தது. ஆயினும் இப்போது அவர் நீதிமன்றத்தை மட்டும் நம்பியிருக்கவில்லை. அதே ஆண்டின் மக்களவைத் தேர்தல் காலத்தில் படத்தைப் பகுதி பகுதியாக யூடியூபில் வெளியிட்டார். தூர்தர்ஷனின் ஒற்றைக் கதவு இருந்த இடத்தில் இப்போது ஆயிரம் கதவுகள். அவை அரசின் கதவுகள் அல்ல என்பதால், சமத்துவ உரிமையைச் சொல்லி அவற்றைத் தட்ட முடியாது. வயது வரம்பு விதிப்பதும் படத்தை நீக்குவதும் தனியார் நிறுவனத்தின் கையில் இருக்கின்றன. ஓடிடி தளங்கள் ஒரு படத்தை வாங்காமலேயே இருந்துவிட்டால் அதைத் தடை என்று எந்த நீதிமன்றத்திலும் நிறுவ முடியாது. தணிக்கை வாரியத்தின் முடிவை எதிர்த்து மேல்முறையீடு செய்வதற்கு இருந்த தீர்ப்பாயமும் 2021இல் கலைக்கப்பட்டது. பல ஆண்டுகளாக அவர் கூர்தீட்டிய சட்டக் கருவி, எதிராளி இடம் மாறியதால் முனை மழுங்கி நிற்கிறது.

தமிழ்நாட்டில் இத்தகைய முயற்சியின் நெருங்கிய உறவாக அமுதன் ஆர்.பி.யின் பணியைக் கூறலாம். மதுரையில் மறுபக்கம் அமைப்பின் வழியாக 1990களின் இறுதியிலிருந்து ஆவணப்பட விழாக்களை நடத்திவரும் அவர், துப்புரவுப் பணி செய்யும் ஒரு பெண்ணின் அன்றாட வேலையைப் பின்தொடர்ந்து 2003இல் எடுத்த ‘பீ’ குறும்படம், கண்ணைத் திருப்பிக்கொள்ள இடம் தராதது. மலக்குழி மரணங்களைத் தொகுத்த திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) படத்தின் திரையிடல்கள் பல இடங்களில் தடுக்கப்பட்டதும், பின்னர் இணையத்தில் அப்படம் பரவியதும் பட்வர்தனின் படங்கள் கண்ட அதே பாதையின் சுருங்கிய வடிவமே. வேறுபாடு ஒன்றுதான்: தூர்தர்ஷனில் காட்டு என்று வழக்காட இத்தலைமுறைக்குத் தோன்றவில்லை, தோன்றினாலும் அதனால் பயன் சொற்பம்.

2023இல் வந்த ‘வசுதைவ குடும்பகம்’ படத்தில் பட்வர்தன் முதன்முறையாகத் தம் வீட்டுக்குள் கேமராவைத் திருப்பினார். முதுமை எய்திய பெற்றோரைப் படமாக்கும் எண்ணமே இல்லாமல் ஆண்டுக்கணக்காக அவர் எடுத்துவைத்திருந்த காட்சிகள், அவர்கள் மறைந்து பல ஆண்டுகளுக்குப் பின் தொகுக்கப்பட்டபோது, விடுதலைப் போராட்டமும் பிரிவினையும் சமையலறைப் பேச்சாக வெளிப்பட்டன. சிந்து மாகாணத்தின் ஐதராபாத்திலிருந்து வந்த தாயார், அடக்கமான நகைச்சுவையோடு எல்லாவற்றையும் நினைவுகூரும் தந்தை ஆகியோரிடம், ‘ராம் கே நாம்’ இளைஞர்களிடம் கேட்ட அதே தொனியில், கேமராவுக்குப் பின்னாலிருந்து மகன் கேள்வி கேட்கிறார். இப்போது எதிரே இருப்பவர்கள், இவ்வளவு நேரமும் எதற்காக இதைப் பிடித்துக்கொண்டிருக்கிறாய் என்பதுபோல் அவரைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.